வே டவுன் ஈஸ்ட் (திரைப்படம்)

வே டவுன் ஈஸ்ட் என்பது 1920 ஆம் ஆண்டில் வெளிவந்த அமெரிக்க ஊமைத் திரைப்படமாகும். டி. டபிள்யூ. கிரிபித் இதனை இயக்கித் தயாரித்தார். லாட்டி பிளேர் பார்க்கர் எழுதிய அதே பெயருடைய மேடை நாடகத்தைத் தழுவி இப்படம் எடுக்கப்பட்டது. லில்லியன் கிஷ், ரிச்சர்ட் பார்தெல்மெஸ், லோவல் ஷெர்மன் ஆகியோர் முதன்மை வேடங்களில் நடித்துள்ளனர். போலித் திருமணத்தால் ஏமாற்றப்பட்டுத் தாயாகும் ஏழைப் பெண்ணொருத்தியை ஊரார் குற்றவாளியாக்குவதும், அவளை ஏமாற்றியவனை அதே ஊரார் விருந்தினனாக மதிப்பதும் இதன் கதைக்கருவாகும்.

உடைந்து நகரும் பனிப்பாளங்களின் மீது நாயகி மயங்கிக் கிடக்க, நாயகன் பாளம் விட்டுப் பாளம் தாவிச் சென்று அவளை மீட்கும் இறுதிக் காட்சி ஊமைப்படக் காலத்தின் மிகவும் அறியப்பட்ட காட்சிகளில் ஒன்றாகும். இக்காட்சி மூல நாடகத்தில் இல்லை.

பெயர்

"டவுன் ஈஸ்ட்" என்பது அமெரிக்காவின் வடகிழக்கில் அமைந்துள்ள நியூ இங்கிலாந்துப் பகுதியின், குறிப்பாக மெய்ன் மாநிலத்தின், கடற்கரைப் பகுதியைக் குறிக்கும் வழக்குச் சொல்லாகும். பாஸ்டன் துறைமுகத்திலிருந்து மெய்ன் நோக்கிச் செல்லும் பாய்மரக் கப்பல்கள் காற்றின் போக்கிலேயே கிழக்கு நோக்கிச் சென்றமையால் கப்பலோட்டிகளிடையே இச்சொல் தோன்றியது. நாளடைவில் பழைமை மாறாத நியூ இங்கிலாந்து நாட்டுப்புறம் முழுவதையும் உணர்த்தும் சொல்லாக இது நகர மக்களிடம் வழங்கியது.

மூல நாடகம்

பார்க்கரின் நாடகம் 1898 ஆம் ஆண்டில் நியூயார்க் நகரில் அரங்கேறியது. நாடகத் தயாரிப்பாளர் வில்லியம் ஏ. பிரேடி இதன் உரிமையைப் பெற்றிருந்தார். ஜோசப் ஆர். கிரிஸ்மர் நாடகத்தை விரிவுபடுத்தி மேடைக்கு ஏற்றவாறு செப்பனிட்டார். அவருடைய மனைவி பீபி டேவிஸ் நாயகி அன்னா மூர் வேடத்தில் நடித்துப் புகழ் பெற்றார்.

நியூயார்க்கில் நடந்த பின்னர் இந்நாடகம் சுற்றுலாக் குழுக்களால் அமெரிக்காவின் சிற்றூர்கள் வரை கொண்டு செல்லப்பட்டு, ஏறத்தாழ இருபது ஆண்டுகள் தொடர்ந்து நடிக்கப்பட்டது. கிராமத்துப் பண்ணை வீடு, நகைச்சுவைப் பாத்திரங்கள், துன்புறும் நல்லவள், நயவஞ்சகனான செல்வந்தன் என மெலோடிராமா எனப்படும் மிகையுணர்ச்சி நாடகத்தின் அனைத்துக் கூறுகளும் இதில் இடம்பெற்றிருந்தன. நாயகி வீட்டை விட்டு வெளியேற்றப்படும்போது மேடையில் காட்டப்பட்ட செயற்கைப் பனிப்புயல் பார்வையாளர்களை மிகவும் கவர்ந்தது.

கிரிபித் படமாக்குவதற்கு முன்னரே இந்நாடகம் இரு முறை ஊமைப்படமாக எடுக்கப்பட்டிருந்தது. எனினும் இன்று நினைவுகூரப்படுவது 1920 ஆம் ஆண்டுப் படமேயாகும்.

கதைச் சுருக்கம்

(இப்பகுதியில் கதையின் முடிவு கூறப்பட்டுள்ளது.)

அன்னா மூர் நியூ இங்கிலாந்துச் சிற்றூர் ஒன்றில் தாயுடன் வறுமையில் வாழ்கிறாள். செல்வந்தர்களான உறவினரிடம் உதவி கேட்பதற்காகத் தாய் அவளைப் பாஸ்டனுக்கு அனுப்புகிறாள். அங்கே லெனாக்ஸ் சாண்டர்சன் என்னும் செல்வந்த இளைஞன் அவள் மீது ஆசை கொள்கிறான். வேறு வழியில் அவளை அடைய முடியாது என உணர்ந்து, போலிப் பாதிரியார் ஒருவரை ஏற்பாடு செய்து திருமண நாடகம் நடத்துகிறான். அதனை உண்மையென நம்பும் அன்னா, அவன் கேட்டுக்கொண்டபடி திருமணத்தை மறைத்து வைக்கிறாள். கருவுற்ற பின்னர் அதனை வெளிப்படையாக அறிவிக்குமாறு வேண்டும்போது, தங்களுக்குத் திருமணமே ஆகவில்லை என்று கூறி அவன் அவளைக் கைவிடுகிறான்.

தாயும் இறந்துவிட, அன்னா பெல்டன் என்னும் ஊரில் வாடகை அறை ஒன்றில் குழந்தை பெறுகிறாள். நோயுற்ற குழந்தை சில நாட்களில் இறந்துவிடுகிறது. கணவன் இல்லாதவள் என்று ஐயுற்று வீட்டுக்காரி அவளை வெளியேற்றுகிறாள். வேலை தேடி நடந்து செல்லும் அன்னாவுக்கு பார்ட்லெட் என்பவரின் பண்ணை வீட்டில் வேலை கிடைக்கிறது. இவர் "ஸ்குவயர்" என்று ஊரார் மரியாதையுடன் அழைக்கும் பெரிய மனிதர். வேதநூலின் சொல்லை எழுத்துப் பிசகாமல் கடைப்பிடிப்பவர். இவருடைய மகன் டேவிட் அன்னாவை விரும்புகிறான். தன் கடந்த காலத்தைச் சொல்ல முடியாத நிலையில் அவள் அவனை மறுக்கிறாள்.

லெனாக்சின் பண்ணை அருகிலேயே உள்ளது. அவன் அந்த வீட்டிற்கு விருந்தினனாக வந்து செல்வதுடன், ஸ்குவயரின் உறவுப் பெண்ணான கேட்டின் மீதும் கண் வைத்திருக்கிறான். அன்னாவை ஊரை விட்டுப் போய்விடுமாறு அவன் வற்புறுத்துகிறான். இதற்கிடையே பெல்டன் வீட்டுக்காரி மூலம் அன்னாவின் கதை ஊர் வம்பு பேசும் மார்த்தாவுக்குத் தெரிய வருகிறது. மார்த்தாவிடமிருந்து அச்செய்தி ஸ்குவயரை அடைகிறது. அவர் பெல்டனுக்கே சென்று விசாரித்துத் திரும்பி, பனிப்புயல் வீசும் இரவில், உணவு மேசையைச் சுற்றி அனைவரும் அமர்ந்திருக்கையில் அன்னாவை வெளியேறுமாறு கட்டளையிடுகிறார். அப்போது அன்னா, அதே மேசையில் மதிப்பிற்குரிய விருந்தினனாக அமர்ந்திருக்கும் லெனாக்சைச் சுட்டிக்காட்டி, தன்னை ஏமாற்றியவன் அவனே என்று கூறிவிட்டுப் புயலுக்குள் ஓடுகிறாள்.

வழி தவறிய அன்னா உறைந்த ஆற்றின் மீது மயங்கி விழுகிறாள். விடியும்போது பனி உடைந்து, அவள் கிடக்கும் பாளம் அருவியை நோக்கி நகர்கிறது. தேடி வரும் டேவிட், அருவியின் விளிம்பை அடைவதற்குச் சற்று முன்னர் அவளை மீட்கிறான். ஸ்குவயர் அன்னாவிடம் மன்னிப்புக் கோருகிறார். லெனாக்ஸ் இப்போது அவளை மணக்க முன்வந்தும் அவள் ஏற்க மறுக்கிறாள். அன்னாவும் டேவிட்டும் உட்பட மூன்று இணைகளின் திருமணத்துடன் படம் நிறைவடைகிறது.

முதன்மை நடிகர்கள்

* லில்லியன் கிஷ் - அன்னா மூர்
* ரிச்சர்ட் பார்தெல்மெஸ் - டேவிட் பார்ட்லெட்
* லோவல் ஷெர்மன் - லெனாக்ஸ் சாண்டர்சன்
* பர் மெக்கின்டாஷ் - ஸ்குவயர் பார்ட்லெட்
* கேட் புரூஸ் - ஸ்குவயரின் மனைவி
* மேரி ஹே - கேட்
* கிரைட்டன் ஹேல் - பேராசிரியர் ஸ்டெர்லிங்
* விவியா ஆக்டன் - மார்த்தா

கேட் வேடத்தில் முதலில் நடித்து வந்தவர் கிளாரின் சீமோர் என்னும் இளம் நடிகையாவார். படப்பிடிப்புக் காலத்திலேயே, 1920 ஏப்ரல் 25 அன்று, நோயுற்று அறுவை மருத்துவத்திற்குப் பின் அவர் காலமானார். எனவே அவ்வேடத்திற்கான காட்சிகள் மேரி ஹேயைக் கொண்டு மீண்டும் எடுக்கப்பட்டன.

நாடகத்திலிருந்து திரைக்கு

கிரிபித் இந்நாடகத்தின் உரிமைக்கு மட்டும் 1,75,000 டாலர்கள் கொடுத்ததாகக் குறிப்பிடப்படுகிறது. 1915 இல் அவர் இயக்கிய "த பெர்த் ஆஃப் எ நேஷன்" படத்தின் மொத்தத் தயாரிப்புச் செலவை விட இது அதிகமாகும். நாடகம் அப்போதே பழைமையானதாகக் கருதப்பட்டது. போலித் திருமணம், பனிப்புயலில் துரத்தப்படும் பெண் போன்ற நிகழ்வுகள் கேலிக்குரியனவாக மாறியிருந்த காலத்தில் இத்தொகை வீண் என்றே பலரும் எண்ணினர். கதையைக் கேட்டபோது தமக்கும் அதில் நம்பிக்கை ஏற்படவில்லை என்று லில்லியன் கிஷ் 1969 இல் வெளியான தம் நினைவு நூலில் எழுதியுள்ளார்.

திரைப்படம் நாடகத்திலிருந்து இரண்டு முக்கிய வகைகளில் வேறுபடுகிறது.

முதலாவது, கதை தொடங்கும் இடம். நாடகம் அன்னா வேலை தேடிப் பண்ணை வீட்டிற்கு வருவதில் தொடங்குகிறது. அவளுக்கு முன்னர் நேர்ந்தவை உரையாடல் வழியாகவே பின்னர் தெரிய வருகின்றன. ஊமைப்படத்தில் நீண்ட உரையாடலுக்கு இடமில்லை. பேச்சு, காட்சிகளுக்கு இடையே காட்டப்படும் எழுத்து அட்டைகளில் அடங்க வேண்டும். அட்டைகள் மிகுந்தால் படத்தின் ஓட்டம் தடைப்படும். எனவே நாடகத்தில் சொல்லால் மட்டும் உணர்த்தப்பட்ட முற்பகுதியைக் கிரிபித் முழுமையாகக் காட்சிகளாக எடுத்துப் படத்தின் தொடக்கத்தில் வைத்தார். பாஸ்டன் பயணம், போலித் திருமணம், கைவிடப்படுதல், குழந்தையின் பிறப்பும் இறப்பும் ஆகிய அனைத்தும் பார்வையாளரின் கண்முன் நிகழ்கின்றன.

இம்மாற்றம் தொழில்நுட்பத் தேவையால் மட்டும் ஏற்பட்டதன்று. கதையின் பொருளையும் இது மாற்றியது. நாடகத்தைக் காண்போர் அன்னாவைப் பற்றிய உண்மையை ஸ்குவயரைப் போலவே பிறர் வாய்மொழியாகக் கேட்டு அறிகின்றனர். திரைப்படத்தைக் காண்போரோ நடந்ததை நேரில் கண்டவர்களாகின்றனர். ஆகவே பண்ணை வீட்டில் வம்பு பரவும்போதும், ஸ்குவயர் தீர்ப்புக் கூறும்போதும், ஊரார் அறியாத ஒன்றைப் பார்வையாளர் அறிந்திருக்கின்றனர். ஸ்குவயர் பெல்டனில் கேட்டறிந்த செய்தி பொய்யன்று. அன்னா குழந்தை பெற்றது உண்மையே. ஆனால் அது உண்மையின் ஒரு பகுதி மட்டுமே. மீதிப் பகுதி அவருடைய மேசையிலேயே அமர்ந்து உணவருந்திக் கொண்டிருக்கிறது.

இரண்டாவது வேறுபாடு இறுதிக் காட்சியாகும். நாடகத்தில் புயலில் சென்ற அன்னா ஆற்றை அடைவதில்லை. பனிப்பாளங்களும் அருவியும் கிரிபித் சேர்த்தவை. ஹேரியட் பீச்சர் ஸ்டோவின் "அங்கிள் டாம்ஸ் கேபின்" புதினத்தில், எலிசா என்னும் அடிமைப் பெண் குழந்தையுடன் பனிப்பாளங்களின் மேல் ஓடி ஆற்றைக் கடந்து தப்பிக்கும் நிகழ்ச்சி உள்ளது. அப்புதினத்தின் மேடை வடிவங்களில் இது பெயர் பெற்ற காட்சியாக விளங்கியது. கிரிபித்தின் ஆற்றுக் காட்சியை இதனுடன் ஒப்பிடுவது வழக்கம்.

குழந்தையின் ஞானஸ்நானக் காட்சி

படத்தின் முற்பகுதியில் அமைந்த இக்காட்சி கிஷ்ஷின் நடிப்புக்குச் சிறந்த எடுத்துக்காட்டாகக் குறிப்பிடப்படுகிறது. ஞானஸ்நானம் பெறாமல் இறக்கும் குழந்தை கடவுளைக் காணாது என்று கேள்வியுற்று அஞ்சும் அன்னா, இரவில் தனியாக அறையில் அமர்ந்து தானே குழந்தைக்கு ஞானஸ்நானம் அளிக்கிறாள். சில்லிட்டுப் போன குழந்தையின் கைகளைத் தேய்த்துச் சூடேற்ற முயல்கிறாள். குழந்தை இறந்துவிட்டது என்பதை உணரும்போது படக்கருவி அவளது முகத்தை மிக அண்மையில் காட்டுகிறது. சிறிய அறை, ஒரு பெண், ஒரு குழந்தை ஆகியவை மட்டுமே கொண்ட இக்காட்சியில் மேடை நடிப்புக்குரிய பெரிய அசைவுகள் எதுவும் இல்லை. தொலைவில் அமர்ந்திருக்கும் நாடகப் பார்வையாளருக்கு எட்டாத நுண்ணிய முகமாற்றங்களை அண்மைக் காட்சி எட்டச் செய்தது.

படப்பிடிப்பு

கிரிபித்தின் படப்பிடிப்பு நிலையம் அப்போது நியூயார்க் நகருக்கு அருகிலுள்ள மாமரோனெக் என்னும் இடத்தில் அமைந்திருந்தது. ஒளிப்பதிவை ஜி. டபிள்யூ. பிட்சர், ஹென்ட்ரிக் சார்டோவ் ஆகியோர் மேற்கொண்டனர்.

பனிப்புயல் காட்சிக்காகப் படக்குழுவினர் உண்மையான புயலுக்குக் காத்திருந்தனர். 1920 மார்ச்சில் புயல் வீசியபோது, நிலையம் அமைந்திருந்த கடலோர முனையிலேயே காட்சி எடுக்கப்பட்டது. காற்றில் படக்கருவி சாயாதிருக்க மூவர் தரையில் படுத்து அதன் கால்களைப் பிடித்துக்கொண்டதாகக் கிஷ் எழுதியுள்ளார். அவருடைய இமைகளில் பனி ஊசிகளாக உறைந்தபோது, அந்த முகத்தை அண்மையில் எடுக்குமாறு கிரிபித் ஒளிப்பதிவாளரிடம் கூறினார். அக்காட்சி படத்தில் இடம்பெற்றுள்ளது.

ஆற்றுக் காட்சியின் முக்கிய பகுதிகள் வெர்மான்ட் மாநிலத்தின் ஒயிட் ரிவர் ஜங்ஷன் என்னும் ஊரில் எடுக்கப்பட்டன. அங்கு ஒயிட் ஆறு கனெக்டிகட் ஆற்றுடன் கலக்கிறது. ஆற்றில் பனி மிகவும் தடித்திருந்தமையால் வாளால் அறுத்தும் வெடி வைத்தும் பாளங்கள் பிரிக்கப்பட்டன. படக்கருவியின் எண்ணெய் உறைந்துவிடாமல் இருக்க அதன் அடியில் சிறு தீ மூட்டப்பட்டது. பாளத்தின் மீது கிடக்கும்போது கூந்தலும் ஒரு கையும் நீரில் தொங்குமாறு வைத்துக்கொள்ளலாம் என்ற யோசனையைக் கூறியவர் கிஷ்ஷே ஆவார். காட்சியைப் பலமுறை எடுக்க வேண்டியிருந்தமையால் அக்கை மீண்டும் மீண்டும் பனிநீரில் கிடந்தது. பல ஆண்டுகளுக்குப் பின்னரும் குளிரில் அக்கை வலித்ததாக அவர் குறிப்பிட்டுள்ளார்.

ஒயிட் ரிவர் ஜங்ஷனில் அருவி இல்லை. ஆபத்து நெருங்கும் உணர்வு படத்தொகுப்பினால் உருவாக்கப்பட்டது. மயங்கிக் கிடக்கும் அன்னா, கரையில் ஓடும் டேவிட், வேறிடத்தில் எடுக்கப்பட்ட அருவி ஆகிய மூன்றும் மாறி மாறிக் காட்டப்படுகின்றன. ஒவ்வொரு துண்டும் வரவரக் குறுகிச் செல்வதால் மூன்றும் ஒரே ஆற்றில், ஒரே நேரத்தில் நிகழ்வதாகப் பார்வையாளர் நம்புகின்றனர். கடைசி நொடியில் காப்பாற்றுதல் என்னும் இம்முறையைக் கிரிபித் தம் தொடக்ககாலக் குறும்படங்களிலிருந்தே வளர்த்து வந்தார். இப்படத்தில் நடிகர்கள் உண்மையான பனியில் இருந்ததும், அருவி தொகுப்பினால் ஒட்டப்பட்டதும் சேர்ந்தே காட்சிக்கு வலுவூட்டின.

வெளியீடும் வரவேற்பும்

இப்படம் 1920 செப்டம்பர் 3 அன்று நியூயார்க்கின் 44 ஆவது தெரு அரங்கில் முதன்முதலாகத் திரையிடப்பட்டது. கிரிபித், சார்லி சாப்ளின், மேரி பிக்போர்ட், டக்ளஸ் பேர்பேங்க்ஸ் ஆகியோர் 1919 இல் தொடங்கிய யுனைடெட் ஆர்ட்டிஸ்ட்ஸ் நிறுவனம் இதனை வெளியிட்டது. லூயிஸ் சில்வர்ஸ், வில்லியம் எப். பீட்டர்ஸ் ஆகியோர் படத்திற்கான இசையை அமைத்தனர். பெரிய அரங்குகளில் இசைக்குழுவினர் அதனை நேரடியாக வாசித்தனர். வருவாயில் ஊமைப்படக் காலத்தின் மிகப் பெரிய வெற்றிகளில் ஒன்றாக இப்படம் அமைந்தது.

அமெரிக்கப் பெண்களுக்கு வாக்குரிமை அளிக்கும் 19 ஆவது அரசியலமைப்புத் திருத்தம் 1920 ஆகஸ்ட் 18 அன்று, அதாவது இப்படம் வெளிவருவதற்கு ஏறத்தாழ இரு வாரங்களுக்கு முன்னர், மாநிலங்களின் ஒப்புதலைப் பெற்று நிறைவேறியது. இருபது ஆண்டுகளுக்கு முந்தைய கதையாயினும், ஒரே செயலுக்கு ஆணுக்கு ஒரு நீதியும் பெண்ணுக்கு வேறு நீதியும் வழங்கப்படுவது குறித்த அதன் கேள்வி அப்போது பழைமையாகிவிடவில்லை.

தணிக்கை

அக்காலத்தில் அமெரிக்க மாநிலங்கள் சிலவற்றில் தனித்தனித் தணிக்கைக் குழுக்கள் இயங்கின. பென்சில்வேனியா மாநிலக் குழு இப்படத்தில் 60க்கும் மேற்பட்ட வெட்டுகளைக் கோரியது. போலித் திருமணம், அதன் பின்னரான தேனிலவு, அன்னா கருவுற்றிருப்பதை உணர்த்தும் குறிப்புகள் ஆகியவை நீக்கப்பட்டன. உயர்குடிப் பெண்கள் புகைபிடிக்கும் காட்சிகளும் வெட்டப்பட்டன. இதனால் அம்மாநிலத்தில் படம் பார்த்தோருக்கு, எவ்வித முன்னறிவிப்பும் இன்றிக் குழந்தை ஒன்று தோன்றி உடனே இறந்துபோவதாகத் தெரிந்தது.

ஒழுக்கத்தைக் காக்கும் நோக்கில் செய்யப்பட்ட இவ்வெட்டுகள் அன்னா ஏமாற்றப்பட்டதற்கான சான்றை நீக்கி, அவள் தாயானதை மட்டும் எஞ்சச் செய்தன. வேறுவிதமாகக் கூறின், ஸ்குவயருக்குத் தெரிந்த அளவே பார்வையாளருக்கும் தெரிந்தது.

மதிப்பீடு

கிஷ்ஷின் நடிப்பும் ஆற்றுக் காட்சியும் தொடர்ந்து பாராட்டப்பட்டு வந்துள்ளன. ஸ்குவயரின் வீட்டுக்கு வந்து போகும் நகைச்சுவைப் பாத்திரங்கள் நாடகத்திலிருந்து அவ்வாறே எடுக்கப்பட்டவை. இவை படத்தின் ஓட்டத்தைத் தடை செய்வதாக விமர்சகர்கள் கருதுகின்றனர். எழுத்து அட்டைகளில் இடம்பெறும் நீதிபோதனைகளும் இன்றைய பார்வையாளருக்கு மிகையாகத் தோன்றக்கூடும். ஸ்குவயர் மன்னிப்புக் கேட்பது அன்னா குற்றமற்றவள் என்று தெரிந்த பின்னரே என்பதும், தெரிந்தே தாயான பெண்ணொருத்திக்கு இக்கதையில் இடம் இருந்திருக்குமா என்பதும் படம் எழுப்பாத வினாக்களாகும்.

பிற்காலம்

* ரஷ்ய இயக்குநர் புதோவ்கினின் "தாய்" (1926) படத்தின் இறுதியில் ஆற்றுப் பனி உடைந்து நகரும் காட்சி உள்ளது. திரைப்பட வரலாற்றாளர்கள் இதனைக் கிரிபித்தின் காட்சியுடன் ஒப்பிடுவதுண்டு.
* 1935 இல் இதே கதை ஹென்றி கிங் இயக்கத்தில் பேசும்படமாக எடுக்கப்பட்டது. ரோச்செல் ஹட்சன் அன்னாவாகவும் ஹென்றி போண்டா டேவிட்டாகவும் நடித்தனர்.
* நியூயார்க் நவீன கலை அருங்காட்சியகம் பிற்காலத்தில் இப்படத்தைச் செப்பனிட்டு மீட்டெடுத்தது. கிடைக்காத சில பகுதிகள் நிழற்படங்களாலும் எழுத்து அட்டைகளாலும் நிரப்பப்பட்டுள்ளன. இவ்வடிவம் ஏறத்தாழ இரண்டரை மணி நேரம் ஓடக்கூடியது.
* அமெரிக்காவில் இப்படம் பொது உரிமைப் பரப்பில் உள்ளது.